ஹட்டன் கடைக் கணினியை இன்டர்நெட் எப்படிக் கண்டுபிடிக்கிறது: ரிமோட் டெஸ்க்டொப்பும் போர்ட் ஸ்கேனிங்கும்

மலையக டவுன்களில் கடையோ மருந்தகமோ சின்ன ஹோட்டலோ நடத்துகிற நிறையப் பேரிடம் இப்போது ஒரே மாதிரியான ஏற்பாடு இருக்கிறது. கணக்கு மென்பொருள் ஓடும் கணினி ஹட்டனிலோ பண்டாரவளையிலோ கடைக்குள்ளே இருக்கும், மகன் கொழும்பில் வேலை பார்த்துக்கொண்டு இரவில் அங்கிருந்தபடியே அந்தக் கணினிக்குள் போய் அன்றைய விற்பனையைப் பார்ப்பார், கண்டியில் இருக்கும் கணக்காளரும் மாதக் கடைசியில் அதே வழியில் உள்ளே வந்து வேலையை முடித்துவிடுவார். மழைக்காலத்தில் மண்சரிந்து வீதி மூடிக் கிடக்கும்போதும் வேலை நிற்காது. நல்ல ஏற்பாடுதான், இதை வேண்டாம் என்று யாரும் சொல்லத் தேவையில்லை. ஆனால் இதை அமைத்துக் கொடுக்க வருகிறவர்களில் பலர், சுலபமாக முடியட்டும் என்று ரவுட்டரில் ஒரு போர்ட்டைத் திறந்து வைத்துவிட்டுப் போகிறார்கள். அதைப் பற்றிக் கேட்டால் கடைக்காரர் சொல்வது பெரும்பாலும் இதுதான்: "தம்பி, இந்த மலைக்குள்ள இருக்கிற நம்ம கடைய யாரு தேடி வரப்போறா?"

யாரும் தேடி வருவதில்லை என்பது உண்மை. கணினிகளைக் கைப்பற்ற நினைக்கிறவர்களுக்கு ஹட்டன் எங்கே இருக்கிறது என்றுகூடத் தெரியாது. தெரியாமலே அந்தக் கணினியைக் கண்டுபிடித்துவிட முடியும் என்பதுதான் விஷயம், அது எப்படி நடக்கிறது என்று ஒருமுறை விளங்கிவிட்டால் என்ன செய்ய வேண்டும் என்பதும் தானாகவே விளங்கிவிடும்.

முதலில் ரிமோட் டெஸ்க்டொப். இது விண்டோஸுக்குள்ளேயே வருகிற வசதி, 1998-இல் விண்டோஸ் என்டி 4.0-இன் டெர்மினல் சேர்வர் பதிப்போடு வந்தது, அப்புறம் எக்ஸ்பி புரொஃபெஷனல் வந்த காலத்தில் சாதாரண அலுவலகக் கணினிக்கும் வந்து சேர்ந்தது. தூரத்துக் கணினியின் திரை உங்கள் திரையில் தெரியும், நீங்கள் மவுஸை அசைப்பதும் தட்டச்சு செய்வதும் அங்கே போய்ச் சேரும், அந்தக் கணினிக்கு முன்னால் உட்கார்ந்திருப்பவர் செய்யக்கூடிய அநேகமாக எல்லாவற்றையும் நீங்கள் செய்யலாம். இரண்டு கணினியும் இதற்காகப் பேசிக்கொள்ளும் முறைக்கு ஆர்டிபி என்று பெயர். விண்டோஸின் ஹோம் பதிப்பில் இருந்து வேறு கணினிக்குள் போகலாம், ஆனால் ஹோம் பதிப்புக் கணினிக்குள் இந்த வழியில் வேறு யாரும் வர முடியாது. புரோ, சேர்வர் பதிப்புகளில் வர முடியும், அதனால் கடைக் கணினிக்கு அநேகமாக புரோதான் போட்டிருப்பார்கள்.

அடுத்தது போர்ட். ஒரு கணினியில் ஒரே நேரத்தில் பல சேவைகள் ஓடும், வருகிற தகவல் எந்தச் சேவைக்கு என்று பிரித்துச் சொல்ல 0 முதல் 65,535 வரை இலக்கங்கள் வைத்திருக்கிறார்கள். பாதுகாப்பான இணையத்தளங்களுக்கு 443, ரிமோட் டெஸ்க்டொப்புக்கு 3389. யாரும் மாற்றாமல் விட்டால் இந்த இலக்கம் உலகம் முழுக்க ஒன்றுதான், அதனால் ஆர்டிபியைத் தேடுகிறவன் முதலில் தட்டிப் பார்ப்பதும் இதைத்தான்.

இனி ரவுட்டர். தோட்டத்தில் வளர்ந்தவர்களுக்கு இதை விளக்குவது சுலபம். லயன் வீடுகளுக்குத் தனித்தனி முகவரி இல்லாமல் எல்லாக் கடிதமும் தோட்ட அலுவலகத்தின் பெயருக்கே வந்து, அங்கிருந்து ஆள் பார்த்துப் பிரிந்து போகிற முறை நமக்குப் பழக்கமானது. உங்கள் ரவுட்டர் அந்த அலுவலகம் மாதிரி. வெளியே தெரிவது ஒரே ஒரு ஐபி முகவரி, அதாவது இன்டர்நெட்டில் உங்கள் இணைப்பை அடையாளம் காட்டுகிற எண், கடைக்குள் இருக்கிற கணினி, போன், பிரிண்டர், கமரா எல்லாம் அதற்குப் பின்னால்தான். நீங்கள் உள்ளேயிருந்து ஒன்றைக் கேட்டால் அதற்கு வருகிற பதிலை ரவுட்டர் சரியாகக் கொண்டுவந்து கொடுக்கும், ஆனால் யாரும் கேட்காமல் வெளியிலிருந்து வருவதை யாரிடம் கொடுப்பது என்று அதற்குத் தெரியாது, அதனால் கைவிட்டுவிடும். போர்ட் ஃபோர்வர்டிங் என்பது, "3389 என்று போட்டு வருவதெல்லாம் கவுன்டரில் இருக்கிற அந்தக் கணினிக்கு, கேள்வி கேட்காமல் கொடு" என்று அலுவலகத்துக்கு எழுதிக் கொடுக்கிற நிரந்தர உத்தரவு. அனுப்புகிறவர் கொழும்பு மகனா வேறு யாராவதா என்று பார்க்கச் சொல்லி அதில் எங்கேயும் எழுதவில்லை. சில இடங்களில் நிலைமை இதைவிட மோசம், கமரா பூட்ட வந்தவர் வேலையைச் சுருக்கமாக முடிக்க டிஎம்இசட் என்ற வசதியில் ஒரு கருவியைப் போட்டுவிடுவார், அப்படிப் போட்டால் ஒரு போர்ட் மட்டும் இல்லாமல் வருகிற எல்லாமே நேராக அந்தக் கருவிக்குப் போகும்.

சரி, இப்போது ஸ்கேனிங். இரண்டு கணினி டிசிபி என்ற தொடர்பு முறையில் பேச ஆரம்பிக்கும்போது முதலாவது கணினி 'பேசலாமா' என்று கேட்கிற மாதிரி ஒரு சின்னப் பக்கெட்டை, அதாவது ஒரு தகவல் துண்டை, அனுப்பும், அதற்கு சின் என்று பெயர். அந்தப் பக்கம் சேவை ஓடிக்கொண்டிருந்தால் 'பேசலாம்' என்று சின்-அக் என்ற பதில் வரும். கணினி இருக்கிறது ஆனால் அந்த போர்ட்டில் எதுவும் ஓடவில்லை என்றால் 'இல்லை' என்று ரிசெட் வரும். தேவையில்லாத இணைப்புகளைத் தடுக்கிற ஃபயர்வோலோ ரவுட்டரோ நடுவில் நிறுத்திவிட்டால் பெரும்பாலும் எந்தப் பதிலும் வராது. ஸ்கேனர் இந்த மூன்றையும் முறையே திறந்தது, மூடியது, வடிகட்டப்பட்டது என்று எழுதிக்கொள்ளும். கொள்கையளவில் ஸ்கேனிங் என்பது இவ்வளவுதான், பாஸ்வேர்ட் உடைப்பது எதுவும் இதில் கிடையாது, ஒரு கேள்வி அனுப்பிப் பதிலைக் குறித்துக்கொள்வது மட்டுமே.

இதற்கான கருவிகளில் பெயர்பெற்றது என்மேப், கோர்டன் லயன் என்பவர் 1997-இல் வெளியிட்டது, இன்றைக்கும் உலகம் முழுக்க நெட்வேர்க் நிர்வாகிகள் தினமும் பயன்படுத்துகிறார்கள். போர்ட் திறந்திருக்கிறதா என்று பார்ப்பதோடு அது நிற்காது, அங்கே ஓடுவது என்ன மென்பொருள், எந்தப் பதிப்பு என்பதையும் பதில் வருகிற விதத்தை வைத்து ஊகித்துச் சொல்லும். ஒரு அலுவலகத்தை நிதானமாக ஆராய அது பொருத்தமானது, உலகம் முழுவதையும் வேகமாகப் பார்க்க வேறு கருவிகள் வந்தன. 2013-இல் மிச்சிகன் பல்கலைக்கழக ஆராய்ச்சியாளர்கள் சீமேப் என்ற கருவியை வெளியிட்டார்கள், ஒரு கிகாபிட் இணைப்பு இருந்தால் ஒரே ஒரு கணினியை வைத்துக்கொண்டு ஐபிவி4 என்ற முகவரி முறையில் இயங்கும் முழு இன்டர்நெட்டிலும் ஒரு போர்ட்டை 45 நிமிடத்துக்குள் பார்த்துவிடலாம் என்று அதில் காட்டினார்கள். ரொபர்ட் கிரஹாம் எழுதிய மாஸ்ஸ்கேன் அதைவிட வேகமாக ஓடக்கூடியது.

இந்தக் கணக்கைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும், ஏனென்றால் 'நம்மை யார் தேடுவார்' என்ற கேள்விக்கு விடை இங்கேதான் இருக்கிறது. ஐபிவி4-இல் இருக்கிற மொத்த முகவரிகளே சுமார் 429 கோடி. கேட்கப் பெரிதாகத் தெரியும், ஆனால் கணினிக்கு அது சின்ன எண். செக்கனுக்கு 14 இலட்சம் பக்கெட் அனுப்பினால் ஒரு மணித்தியாலம்கூடத் தேவையில்லை. செக்கனுக்கு வெறும் 1,000 மட்டும் அனுப்புகிற மெதுவான கணினியாக இருந்தாலும் ஏறக்குறைய 50 நாளில் ஒரு சுற்று முடிந்துவிடும். இப்படிப் பல ஆயிரம் கணினிகள் இரவு பகலாக ஓடுகின்றன, அவற்றில் நிறைய, சொந்தக்காரருக்கே தெரியாமல் கைப்பற்றப்பட்ட கணினிகள். அந்த நிரலுக்கு உங்கள் கடையின் பெயரோ ஊரோ தெரியவேண்டியதில்லை, அது ஓர் எண்ணிலிருந்து இன்னோர் எண்ணுக்குப் போய்க்கொண்டே இருக்கும், உங்கள் எண் வரும்போது உங்களையும் கேட்கும். நியூயோர்க் வங்கிக்கும் தலவாக்கலை பலசரக்குக் கடைக்கும் அந்த இடத்தில் ஒரு வித்தியாசமும் இல்லை.

ஒவ்வொருவரும் தானே ஸ்கேன் செய்ய வேண்டும் என்பதுகூட இல்லை. ஜோன் மாதர்லி 2009-இல் தொடங்கிய ஷோடான், மிச்சிகன் குழுவிலிருந்து 2015-இல் வந்த சென்சிஸ் ஆகிய இரண்டும் இன்டர்நெட்டைத் தொடர்ந்து ஸ்கேன் செய்து, கிடைத்ததைத் தேடக்கூடிய விதத்தில் சேர்த்து வைக்கின்றன. கூகுளில் இணையப் பக்கம் தேடுவோமே, இங்கே கருவிகளைத் தேடலாம். ஷோடான் சில ஆர்டிபி சேர்வர்களின் உள்நுழைவுத் திரையைப் படமாகவே எடுத்து வைத்திருக்கும், அந்தத் திரையில் பயனர் பெயர்கள் வரிசையாகத் தெரிந்தால் பாஸ்வேர்டை மட்டும் கண்டுபிடித்தால் போதும் என்று ஆகிவிடுகிறது. இவற்றைக் குற்றக் கருவி என்று சொல்வது சரியில்லை. பாதுகாப்புத் துறையில் இருக்கிறவர்களுக்கு இவை இல்லாமல் வேலை ஓடாது. ஷடோசேர்வர் என்ற இலாப நோக்கற்ற அமைப்பு தினமும் இதே வகையில் ஸ்கேன் செய்து, எந்த நெட்வேர்க்கில் என்ன திறந்து கிடக்கிறது என்று அந்தந்த நெட்வேர்க் சொந்தக்காரர்களுக்கும் நாடுகளின் கணினி அவசர உதவி அமைப்புகளுக்கும் இலவசமாக அறிக்கை அனுப்புகிறது, அதில் ஆர்டிபிக்கென்று தனி அறிக்கையே உண்டு. உங்களைக் காப்பாற்ற நினைப்பவரும் கெடுக்க நினைப்பவரும் பார்க்கிற பட்டியல் ஏறத்தாழ ஒன்றுதான், யார் முதலில் அதை வைத்து வேலை செய்கிறார் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

போர்ட் திறந்திருக்கிறது என்று தெரிந்த பிறகு நடப்பது பொதுவாக இரண்டு வழிகளில் ஒன்று. முதலாவது, பாஸ்வேர்டை ஊகிப்பது. அட்மினிஸ்ட்ரேட்டர், அட்மின், யூசர், ஒஃபிஸ் போன்ற பெயர்களோடு, வேறெங்கோ கசிந்த பாஸ்வேர்ட் பட்டியல்களை வைத்து நிரல் மாற்றி மாற்றி முயன்றுகொண்டே இருக்கும். கடைப் பெயரோடு 123 சேர்த்து வைத்த பாஸ்வேர்ட் இதற்கு முன்னால் நிற்காது. உள்ளே போக முடிந்த கணினிகளை விற்பதற்கென்றே சந்தைகள் இருந்தன, எக்ஸ்டெடிக் என்ற தளம் அப்படி ஆர்டிபி அணுகலை விற்றுக்கொண்டிருந்தது, 2019 ஜனவரியில் அமெரிக்க, ஐரோப்பிய பொலிஸார் சேர்ந்து அதை மூடினார்கள். வாங்கியவர்கள் அடிக்கடி செய்தது கோப்புகளைப் பூட்டிவிட்டுப் பணம் கேட்பது.

இரண்டாவது வழிக்குப் பாஸ்வேர்டே வேண்டாம். 2019 மே மாதம் மைக்ரோசொஃப்ட் ஒரு ஓட்டையை அடைத்தது, புளூகீப் என்று அதற்குப் பெயர் வந்தது. விண்டோஸ் எக்ஸ்பி, விஸ்டா, 7, சேர்வர் 2003, 2008 ஆகியவற்றில், உள்நுழையாமலே ஆர்டிபி வழியாகக் கணினியைக் கைப்பற்ற அது இடம் கொடுத்தது. ஆதரவு முடிந்து பல வருடமான எக்ஸ்பிக்குக்கூட மைக்ரோசொஃப்ட் திருத்தம் வெளியிட்டது என்றால் எவ்வளவு பயந்திருப்பார்கள் என்று நினைத்துப் பாருங்கள். மாஸ்ஸ்கேன் எழுதிய அதே கிரஹாம் அந்த மாதமே இன்டர்நெட்டை ஸ்கேன் செய்து, கிட்டத்தட்ட 10 இலட்சம் கணினிகள் அந்த ஓட்டையோடு வெளியே தெரிகின்றன என்று எழுதினார். அதே வருடம் நவம்பரில் அந்த ஓட்டை வழியாகக் கிரிப்டோ நாணயம் தோண்டும் நிரல்களைப் போட முயல்வதும் பிடிபட்டது. இன்றைக்கும் நம் பக்கத்து டவுன்களில் பில் போடுகிற கணினியில் விண்டோஸ் 7 ஓடுவதைப் பார்க்கலாம், அதன் ஆதரவு 2020 ஜனவரியிலேயே முடிந்துவிட்டது. விண்டோஸ் 10-க்கும் 2025 அக்டோபர் 14-உடன் வழக்கமான ஆதரவு முடிந்தது.

அமைத்துக் கொடுக்கிறவர்கள் சிலர் ஒரு சமாதானம் சொல்வார்கள், "3389-ஐ மாத்தி 33890-ன்னு போட்டுட்டேன், இனி யாருக்கும் தெரியாது" என்று. இது எனக்கு மிகவும் கவலை தருகிற விஷயம், ஏனென்றால் இதை நம்பி மற்ற எதையும் செய்யாமல் விட்டுவிடுகிறார்கள். 3389-ஐ மட்டும் பார்த்துவிட்டுப் போகிற நிரல்கள் உங்களைத் தவறவிடும் என்பது சரிதான், கணினியின் பதிவேட்டில் தோல்வியடைந்த உள்நுழைவு முயற்சிகள் கொஞ்சம் குறையவும் செய்யும். ஆனால் ஷோடான் மாதிரியானவை பல போர்ட்களைப் பார்க்கின்றன, திறந்த போர்ட் ஒன்று கிடைத்தால் அங்கே ஓடுவது ஆர்டிபியா என்று அதன் ஆரம்பப் பதிலை வைத்தே தெரிந்துகொள்கின்றன. ஒரு முகவரியில் 65,535 போர்ட்டையும் பார்ப்பது என்மேப்புக்குப் பெரிய வேலையும் இல்லை. இலக்கம் மாறியதால் ஓட்டை அடைபடாது, பாஸ்வேர்டும் பலமாகாது.

இனி உங்கள் நிலைமையை நீங்களே பார்க்கலாம், வெளியிலிருந்து பார்க்க வேண்டும் என்பது முக்கியம். கடையின் வைஃபையில் இருந்துகொண்டு பார்த்தால் சரியான விடை கிடைக்காது. முதலில் கடைக் கணினியில் உலாவியைத் திறந்து, என் ஐபி முகவரி என்ன என்று காட்டும் தளம் ஏதாவது ஒன்றில் வெளி முகவரியைக் குறித்துக்கொள்ளுங்கள். அப்புறம் ரவுட்டரின் நிர்வாகப் பக்கத்துக்குள் போய் வான் (WAN) முகவரி என்று அங்கே எழுதியிருப்பதைப் பாருங்கள். இரண்டும் ஒன்று என்றால் வெளியிலிருந்து உங்கள் ரவுட்டரை நேராகத் தொட முடியும். ரவுட்டரில் இருப்பது 100.64-இலிருந்து 100.127 வரைக்குள் தொடங்குகிற முகவரி என்றால், இணைப்புக் கொடுக்கிற நிறுவனம் பலரை ஒரே பொது முகவரிக்குப் பின்னால் வைத்திருக்கிறது என்று பொருள், 4ஜி ரவுட்டர்களில் இது சாதாரணம், அந்த நிலையில் ஐபிவி4 வழியாக வெளியார் நேராக உங்களிடம் வர முடியாது. கமராவை வெளியிலிருந்து பார்ப்பதற்காக நிலையான பொது ஐபி கேட்டு வாங்கியிருந்தால் இந்த மறைப்பு போய்விட்டிருக்கும், அதை நிறையப் பேர் மறந்துவிடுகிறார்கள்.

பிறகு ஒரு மடிக்கணினியை போனின் டேட்டாவில் இணைத்து, விண்டோஸில் கட்டளைகளைத் தட்டச்சு செய்கிற பவர்ஷெல்லைத் திறந்து, டெஸ்ட்-நெட்கனெக்ஷன் (Test-NetConnection) என்ற கட்டளையில் உங்கள் வெளி முகவரியையும் போர்ட் 3389-ஐயும் கொடுங்கள். டிசிபி சோதனைக்கு எதிரே ட்ரூ என்று வந்தால் போர்ட் திறந்திருக்கிறது. ஃபோல்ஸ் என்று வந்தால் அந்த ஒரு போர்ட்டைப் பற்றி மட்டும்தான் நிம்மதி, இலக்கத்தை யாராவது மாற்றி வைத்திருக்கலாம், ஆகவே ரவுட்டரின் போர்ட் ஃபோர்வர்டிங் பட்டியலையும் டிஎம்இசட்டையும் கண்ணால் பார்த்துவிடுங்கள். யூபிஎன்பி என்ற வசதி இயங்கினால் உள்ளேயிருக்கும் கருவிகள் உங்களிடம் கேட்காமலே போர்ட் திறக்கலாம், தேவையில்லை என்றால் அதை நிறுத்திவிடுவது நல்லது.

இந்தச் சோதனையை உங்கள் சொந்த முகவரிக்கு மட்டும் செய்யுங்கள், அல்லது சொந்தக்காரர் சம்மதம் கொடுத்த இடத்துக்கு, முடிந்தால் எழுத்தில் வாங்கிக்கொண்டு. பக்கத்துக் கடையும் திறந்திருக்கிறதா பார்ப்போம் என்ற ஆர்வம் வரும், விட்டுவிடுங்கள். இலங்கையில் 2007-ஆம் ஆண்டின் 24-ஆம் இலக்கக் கணினிக் குற்றங்கள் சட்டம் இருக்கிறது, அனுமதியில்லாமல் மற்றவர் கணினிக்குள் நுழைய எடுக்கும் நடவடிக்கை அதன்கீழ் குற்றம், கம்பஸ் பிள்ளைகள் விளையாட்டுக்குச் செய்து மாட்டிக்கொள்ள வேண்டாம்.

திறந்திருந்தால் செய்ய வேண்டிய முதல் வேலை அந்த ஃபோர்வர்டிங் உத்தரவை அழிப்பது. மகனும் கணக்காளரும் வர வேறு வழி இருக்கிறது, அது விபிஎன், அதாவது அனுமதித்தவர்கள் மட்டும் இன்டர்நெட் வழியாகக் கடை நெட்வேர்க்குக்குள் வருகிற பூட்டிய தனிப் பாதை. வயர்கார்ட் என்ற விபிஎன் மென்பொருள் நல்ல தெரிவு, சரியான சாவி இல்லாமல் வருகிற பக்கெட்டுக்கு அது பதிலே சொல்லாது, அதனால் ஸ்கேனருக்கு அங்கே ஒன்றுமே இல்லாத மாதிரித்தான் தெரியும். ரவுட்டரில் அதை அமைக்கத் தெரியாது, அல்லது பொது ஐபியே இல்லை என்றால், அதே வயர்கார்டின் மேல் கட்டப்பட்ட டெய்ல்ஸ்கேல் போன்ற சேவைகளைக் கணினியிலும் மகனின் மடிக்கணினியிலும் போட்டுக்கொள்ளலாம், ரவுட்டரில் எதையும் திறக்க வேண்டியதில்லை. எனிடெஸ்க், டீம்வியூவர் போன்ற, தூரத்துக் கணினியை இயக்குகிற மென்பொருள்களுக்கும் போர்ட் திறக்கத் தேவையில்லை, ஆனால் போனில் கூப்பிட்டு வங்கியில் இருந்து பேசுவதாகச் சொல்லி அவற்றைப் போடச் சொல்கிற மோசடிக்காரர்கள் நிறைய, கடையில் வேலை செய்யும் பிள்ளைகளுக்கும் இதைச் சொல்லி வையுங்கள்.

விபிஎன் போட்ட பிறகும் நெட்வேர்க் லெவல் ஒதென்டிகேஷன் என்ற அமைப்பு இயங்குகிறதா என்று பாருங்கள், அது இருந்தால் பாஸ்வேர்ட் சரியாகிற வரைக்கும் முழு உள்நுழைவுத் திரைகூடத் திறக்காது. பலமுறை தவறாக முயன்றால் கணக்கு கொஞ்ச நேரம் பூட்டிக்கொள்ளும் வசதியையும் போட்டு வையுங்கள். தினமும் பில் போடுகிற கணக்கு அட்மினிஸ்ட்ரேட்டராக இருக்கத் தேவையே இல்லை. கணக்குத் தரவின் பிரதி ஒன்றை வெளி டிஸ்க்கில் எடுத்து, எடுத்து முடிந்ததும் கழற்றி வைக்க வேண்டும், உள்ளே நுழைகிறவர்கள் கணினியிலேயே செருகி வைத்த டிஸ்க்கையும் சேர்த்துத்தான் பூட்டுவார்கள்.

கடைசியாக, இதுவரை திறந்தே இருந்த கணினி என்றால் உள்ளே யாராவது வந்துபோனார்களா என்று பார்க்க வேண்டும். விண்டோஸில் நடந்தவற்றைக் காட்டுகிற ஈவென்ட் வியூவரில் செக்யூரிட்டி பதிவேட்டைத் திறந்தால் 4625 என்ற இலக்கம் தோல்வியடைந்த உள்நுழைவு, 4624 வெற்றியடைந்தது. 4625 ஆயிரக்கணக்கில் இருந்தால் ஆச்சரியப்பட வேண்டாம், திறந்திருந்த கணினியில் அப்படித்தான் இருக்கும். 4624-இல் உள்நுழைவு வகை 10 என்று போட்டு, உங்கள் ஆட்கள் யாருடையதும் இல்லாத வெளி முகவரி இருந்தால் நெட்வேர்க் வயரைக் கழற்றிவிடுங்கள், வைஃபை என்றால் அதை நிறுத்துங்கள், கணினியை அணைத்துப் போடவோ விண்டோஸைப் புதிதாக ஏற்றவோ அவசரப்படாதீர்கள், தடயம் போய்விடும். அந்தக் கணினியில் பயன்படுத்திய வங்கி, மின்னஞ்சல் பாஸ்வேர்ட்கள் எல்லாவற்றையும் வேறொரு நல்ல கணினியிலிருந்து மாற்றிவிட்டு, கணக்காளருக்கும் சொல்லிவிட்டு, நாட்டின் கணினி அவசர உதவி அமைப்பான இலங்கை சேர்ட்டுக்கு அறிவியுங்கள்.